சத்தம் போன தெருவும் மூன்றாம் ஓலையும்

முத்தூரணி மாரியம்மன் கோயில் பால்குடம் பள்ளிவாசல் தெருவுக்குள் நுழைந்து, பச்சை விளக்குக் கம்பத்தைத் தாண்டியதும் சத்தம் மொத்தமும் காணாமல் போனபோது, சத்தத்தை வாடகைக்கு விட்டுப் பிழைக்கும் மைக்செட் ராயப்பன் முதலில் செய்த காரியம், ஆம்பிளிஃபயரின் முதுகில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டியதுதான். எந்தக் கோளாறுக்கும் அவர் கைவசம் இருந்த முதல் வைத்தியம் அது. அதற்கும் கேட்காததால் ஒயரைப் பிடுங்கிச் செருகினார், ஜெனரேட்டரைத் தொட்டுப் பார்த்தார், அது நடுங்கிக்கொண்டுதான் இருந்தது, 'என்னப்பா ஆச்சு' என்று வண்டி டிரைவரைப் பார்த்துக் கத்தினார், அந்தக் கத்தலும் அவர் வாயைவிட்டு வெளியே வரவில்லை. அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார். தவில் பூமிநாதன் கழுத்து நரம்பு புடைக்க அடித்துக்கொண்டிருந்தார். நாயனக்காரரின் கன்னம் உப்பியிருந்தது. குடம் சுமந்த பெண்கள் குலவைக்காக நாக்கைச் சுழற்றிக்கொண்டிருந்தார்கள். இந்தப் பக்கம் ஊர்வலத்தோடு வந்த பேரவைக் கட்சிக்காரர்கள் கையை உயர்த்திக் கோஷம் போட, பள்ளிவாசல் வாசலில் நின்ற முன்னணிக் கட்சிக்காரர்கள் எதிர்க்கோஷம் போட, ஒரு கொலுசுச் சத்தம்கூட எழாமல் அவ்வளவு பெரிய கூட்டமும் வேப்பமரம்வரை நகர்ந்தது. மரத்தைத் தாண்டிய நொடியில் தவிலும் நாயனமும் குலவையும் கோஷமும் ஒன்றாக வெடித்ததில், ரேஷன் கடை நிழலில் படுத்திருந்த மாடு ஒன்று எழுந்து ஓடியது.

அந்த இடத்தில் மேளம் கேட்காதது ஊருக்குப் புதிதல்ல. வருஷா வருஷம் சித்திரையில் பால்குடம் வரும்போது பச்சை விளக்குக் கம்பத்தில் மேளம் நிற்கும், வேப்பமரம் தாண்டி மறுபடி எடுக்கும், நடுவே பள்ளிவாசல் வாசலில் நெய்னா முகமது பெரிய அண்டாவில் நன்னாரி சர்பத் வைத்துக்கொண்டு நின்று, வருகிறவர்களுக்கெல்லாம் ஊற்றிக் கொடுப்பார். தர்காவின் சந்தனக்கூடு மாரியம்மன் கோயிலைக் கடக்கும்போது அதேபோல் பேண்டு வாத்தியம் நிற்கும், கோயிலிலிருந்து பானகம் வரும். மாதா கோயில் சப்பரம் போகும்போது இரண்டு இடத்திலும் நிற்கும், இரண்டும் கிடைக்கும், அதனால் சப்பரம் தூக்க எப்போதும் ஆள் பஞ்சம் இருந்ததில்லை. அந்த ஊரில் பூமிநாதனுக்கு நெய்னா மாமன், நெய்னாவுக்கு ராயப்பன் மச்சான், ராயப்பனுக்குப் பூமிநாதனும் மச்சான். இந்த உறவெல்லாம் எந்தக் கல்யாணத்தால் வந்தது என்று யாரும் கேட்டதில்லை, மேளம் ஏன் நிற்கிறது என்றும் கேட்டதில்லை.

இந்த வருஷம் தேர்தல் வருகிறது என்பதால் கேட்டார்கள். பேரவையின் வேட்பாளர் வன்மீகநாதன் வெளியூரிலிருந்து காரில் வந்து இறங்கி, "நம்ம ஊர்ல நம்ம ஆத்தாளுக்கு அடிக்கிற மேளம் எதுக்கய்யா ஊமையாகணும்?" என்று கேட்டுவிட்டுப் போனார். முன்னணியின் வேட்பாளர் சிக்கந்தர் கனி இன்னொரு வெளியூரிலிருந்து இன்னொரு காரில் வந்து இறங்கி, "மேளம் நிக்கிறது நாம வாங்குன பிச்சை இல்ல, நம்ம உரிமை" என்று சொல்லிவிட்டுப் போனார். இருவரும் பேசிய மைக் ராயப்பனுடையது. மேளம் அடித்தே தீருவது என்று ஒரு பக்கம் முடிவானதும், அடிக்க வருகிறவனுக்குச் சர்பத் எதற்கு என்று மறுபக்கம் அண்டாவைக் கவிழ்த்து வைத்துவிட்டது. ஊர்வலத்துக்கு அத்தனை ஸ்பீக்கரையும் பேரவை கேட்டது, பள்ளிவாசல் வாசலுக்கு அத்தனை ஸ்பீக்கரையும் முன்னணி கேட்டது, ராயப்பன் இருப்பதைப் பாதி பாதியாகப் பிரித்து இரண்டு பக்கமும் கட்டினார். வைகாசியில் அவர் மகள் ரோஸ்லினுக்குக் கல்யாணம். பெண்ணைப் பெற்றவன் ஸ்பீக்கருக்கு மதம் பார்க்க முடியுமா என்று மனைவி செபஸ்தியம்மாளிடம் கேட்டார். அவள் அடுப்பைப் பார்க்கப் போனாள், ராயப்பன் அதைச் சம்மதமாக எடுத்துக்கொண்டார்.

பால்குடம் போய்ச் சேர்ந்தது, போன சத்தம் திரும்பவில்லை. மறுநாளும் அந்தத் தெருத்துண்டில் பஸ் ஓசையில்லாமல் வந்து ஓசையில்லாமல் போனது. முதல் வாரம் சனங்கள் அதைப் பார்க்க வந்தார்கள், இரண்டாம் வாரம் அதைப் பயன்படுத்த வந்தார்கள். தூங்காத பிள்ளைகளை அங்கே கொண்டுவந்து தோளில் போட்டார்கள். அரசு வேலைக்குப் பரீட்சை எழுதுகிறவர்கள் புத்தகத்தோடு வந்து பள்ளிவாசல் மதிலோரம் வரிசையாக உட்கார்ந்தார்கள். சண்டை போடவேண்டிய புருஷன் பெண்டாட்டிகள் சாயங்காலமாக நடந்து வந்து, கம்பத்தைத் தாண்டி உள்ளே நின்று, ஆசை தீர வாயாலும் கையாலும் பேசி முடித்து, வேப்பமரத்தின் பக்கமாக வெளியேறி, அங்கே மல்லிகைப்பூ வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனார்கள். ஹாரன் அடித்துப் பயனில்லை என்பதால் டிரைவர்கள் முதன்முறையாகத் தெருவைப் பார்த்து வண்டி ஓட்டினார்கள். டீக்கடையில் விரல் பேச்சு ஒன்று தானாக உண்டாகி, சீனி கம்மிக்குச் சுண்டுவிரல், ஸ்ட்ராங்குக்கு முஷ்டி, கடனுக்கு வானத்தைப் பார்ப்பது என்று முடிவாயிற்று. நாய்கள் மட்டும் இரண்டு மூன்று தரம் குரைத்துப் பார்த்து, தங்கள் மேலேயே சந்தேகம் வந்து, பஸ் ஸ்டாண்டுக்குக் குடிபெயர்ந்துவிட்டன.

கஷ்டமும் இருந்தது. பள்ளிவாசலில் பாங்கு சொன்னால் கேட்காததால் மினாராவில் ஒரு பச்சை பல்பைப் போட்டு அணைத்தார்கள், படுத்திருக்கிறவர்களுக்கு அது எப்படித் தெரியும்? அதில் முதலில் அடிபட்டவள் மாரியம்மன் கோயிலுக்குப் பூக்கட்டும் காளீஸ்வரி. "விடியக்காலம் பாங்கு கேட்டுத்தான எந்திரிப்பேன். இப்ப வெயிலு முதுகுல சுட்டப்பெறவுதான் முழிப்பு வருது. ஆத்தாளுக்கு வாடுன பூவையா போடுறது?" என்று அவள் பேரவை அலுவலகத்தில் போய்ச் சத்தம் போட்டாள். பாங்கு கேட்கவில்லை என்று தங்களிடமே வந்து புகார் கொடுத்த அவளை என்ன செய்வது என்று பேரவைக்குத் தெரியவில்லை.

ஆனாலும் சத்தம் போனது யாருடைய வெற்றி என்பதை அப்படியே விட்டுவிட முடியுமா? எங்கள் ஆத்தாள் கோபித்து எதிர்க்கோஷத்தை விழுங்கிவிட்டாள் என்றார் வன்மீகநாதன். எங்கள் துஆ பலித்து மேளத்தை அடக்கிவிட்டது என்றார் சிக்கந்தர் கனி. தாசில்தார் இரு தரப்பையும் அமைதிக் கூட்டத்துக்குக் கூப்பிட, சம்பவம் நடந்த இடத்திலேயே நடக்கட்டும் என்று இரு தரப்பும் பிடிவாதம் பிடித்து, பெஞ்சு நாற்காலி போட்டு நடுத்தெருவில் உட்கார்ந்து, மத்தியானம் முழுக்க எல்லோரும் எல்லோரையும் திட்டி, ஒருவர் திட்டும் இன்னொருவருக்குக் கேட்காததால் கடைசியில் டீ குடித்துக் கையெழுத்துப் போட்டுக் கலைந்தார்கள். தம் சர்வீஸிலேயே இவ்வளவு நல்லபடியாக நடந்த கூட்டம் இதுதான் என்று தாசில்தார் மேலிடத்துக்கு எழுதினார்.

அடுத்த நாளே பேரவை பெரிய ஸ்பீக்கர் கட்டி அந்த மௌனத்தை உடைக்கப் பார்த்தது. உடையவில்லை, கொஞ்சம் பெருத்தது. வேப்பமரத்தோடு நின்றது சைக்கிள் கடைக்கு நகர்ந்தது. முன்னணி அதைவிடப் பெரிய ஸ்பீக்கர் கட்டியது, மௌனம் ரேஷன் கடையைத் தொட்டது. யார் எவ்வளவு கத்தினாலும் அதைத் தின்றுவிட்டு அது கிழக்குப் பக்கமாகக் கால் நீட்டிப் படுத்தது. ஒவ்வொரு தடவையும் ஸ்பீக்கர் கொடுத்தவர் ராயப்பன். வாடகை வந்தது. ரோஸ்லினுக்குப் பட்டுச்சேலை வந்தது, பீரோ வந்தது, மாப்பிள்ளை இன்னாசி பிரபுவுக்கு வாட்ச் வந்தது. கிழக்கே, தெரு முடிகிற இடத்தில் மாதா கோயில் இருந்தது. அதை ராயப்பன் கவனித்தாரா என்றால் கவனித்தார், ஆனால் கவனிக்காத மாதிரி ஒயரைச் சுருட்டிக்கொண்டிருந்தார்.

மாதா கோயிலில் கல்யாணம் என்றால் முதலில் ஓலை வாசிக்க வேண்டும். மூன்று ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்ததும், இன்னாரின் மகளுக்கும் இன்னாரின் மகனுக்கும் திருமணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் தெரிவிக்கலாம் என்று சாமியார் மைக்கில் வாசிப்பார். வாசித்துவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் நிற்பார். மூன்று ஓலையும் சபையின் காதில் விழுந்தால்தான் கல்யாணம். முதல் ஓலை வாசித்தபோது மௌனம் ரேஷன் கடையில் இருந்தது. இரண்டாம் ஓலை வாசித்தபோது பேங்க் வாசலுக்கு வந்திருந்தது. பேங்க்கை அடுத்த காம்பவுண்டுச் சுவர் மாதா கோயிலுடையது.

அந்த ஞாயிறு கோயில் மணி அடித்ததைக் கேட்டுத்தான் ஊருக்கு ஒரு விஷயம் உறைத்தது. மேளமும் பாங்கும் போன ஊரில் மாதா கோயில் மணி மட்டும் கணீரென்று கேட்கிறதே, எப்படி? மைக்செட்காரன் ராயப்பன் எந்தக் கோயிலுக்குப் போகிறவன்? இவ்வளவு நாள் ஒன்றிலும் ஒத்துப்போகாத வன்மீகநாதனும் சிக்கந்தர் கனியும் இதில் ஒத்துப்போனார்கள். எல்லா மதத்துக்கும் சமநீதி வேண்டும் என்றும், போனால் மூன்று பேருக்கும் சத்தம் போகவேண்டும் என்றும், வருகிற வெள்ளிக்கிழமை மாதா கோயில் வாசலில் இரு தரப்பும் சேர்ந்து மாபெரும் ஒலிபெருக்கிக் கூட்டம் போடுவது என்றும் முடிவாயிற்று. ஸ்பீக்கர் கேட்டு இரண்டு தரப்பு ஆட்களும் ஒரே ஆட்டோவில் ராயப்பன் கடைக்கு வந்தார்கள்.

"குடுக்க முடியாதுப்பா" என்றார் ராயப்பன். சொன்னபிறகுதான் அவருக்கே அது கேட்டது. "அடுத்த ஞாயித்துக்கிழமை எம்மகளுக்கு மூணாவது ஓலை."

"அப்ப நீங்க எங்களுக்கு எதிரி" என்றார் பேரவைக்காரர்.

"எங்களுக்குந்தான்" என்றார் முன்னணிக்காரர்.

அவர்கள் வெளியூரிலிருந்து லாரியில் ஸ்பீக்கர் கொண்டுவந்தார்கள். வெள்ளிக்கிழமை இரு தலைவர்களும் தோளோடு தோள் நின்று சமநீதி பற்றி முழங்க, பாதிப் பேச்சிலேயே மௌனம் எழுந்து மதில் தாண்டி உள்ளே போய், பீடம்வரை படுத்துக்கொண்டது. மாதா கோயில் மணி ஆடியது, சத்தம் வரவில்லை. கூட்டம் கை தட்டியது, அதுவும் கேட்கவில்லை.

அன்று சாயங்காலம் சாமியார் ராயப்பனைப் பஸ் ஸ்டாண்டுக்குக் கூப்பிட்டுப் பேசினார். சத்தமில்லாமல் வாயசைத்தால் அது ஓலை ஆகாது என்றார். தடை சொல்ல நினைக்கிறவன் குரலும் கேட்கவேண்டும் அல்லவா? வேறு ஊர்ப் பங்குக் கோயிலில் வாசிக்கலாமா என்றால், பெண் இந்தக் கோயில் பங்கைச் சேர்ந்தவள், சட்டம் இடம் கொடுக்காது என்றார். மாப்பிள்ளை வீட்டார் அதற்குள் போன் போட்டிருந்தார்கள். சகுனம் சரியில்லாத ஊரில் சம்பந்தம் வைக்கலாமா என்று யோசிக்கிறார்களாம். ராயப்பன் வீட்டுக்குப் போனார். ரோஸ்லின் பீரோவைத் திறந்து பட்டுச்சேலையை எடுத்துப் பார்த்து மறுபடி உள்ளே வைத்துக்கொண்டிருந்தாள். 

சனிக்கிழமை காலையில் தவில் பூமிநாதன் வந்து தண்ணீர் கேட்டார். செபஸ்தியம்மாள் கொடுத்த செம்பை ஒரே மூச்சில் கவிழ்த்தார்.

"பால்குடத்தன்னைக்கு வறண்ட தொண்டை அக்கா, இன்னும் ஈரமாகல. வருசா வருசம் அங்கனதான நனைப்போம்."

ராயப்பன் ஏதோ நினைத்துக்கொண்டு கேட்டார். "ஏன் மச்சான், அந்த எடத்துல மேளத்த எதுக்கு நிறுத்துறீக? ஆரு நிறுத்தச் சொன்னது?"

"ஆரு சொல்லணும்? கோயில்லருந்து கொளுத்துற வெயில்ல அடிச்சுக்கிட்டே வர்றோம். அங்கன வந்ததும் நெய்னா மாமா கிளாஸ நீட்டுறாரு. கிளாஸப் புடிக்கிறதா, குச்சியப் புடிக்கிறதா? ரெண்டு கைதான மச்சான் இருக்கு. நாயனக்காரருக்கு வாயி ஒண்ணுதான்."

ராயப்பன் சட்டையை மாட்டிக்கொண்டு நேரே வன்மீகநாதனிடம் போய் இதைச் சொன்னார். நூற்றாண்டு கால அடிமைத்தனத்தைச் சர்பத்து என்று கேவலப்படுத்துகிறாயா என்று அவர் விரட்டினார். சிக்கந்தர் கனியிடம் போனார். நூற்றாண்டு கால உரிமையைச் சர்பத்து என்று கொச்சைப்படுத்துகிறாயா என்று அவரும் விரட்டினார். இனி யாரிடமும் விளக்கிப் பயனில்லை என்று தெரிந்ததும் ராயப்பன் நெய்னா முகமதுவைத் தேடிப்போனார். நெய்னா வீட்டுக் கொல்லையில், கவிழ்த்த அண்டாவின் மேல் உட்கார்ந்து பீடி குடித்துக்கொண்டிருந்தார்.

"சர்பத்து வேணும் மச்சான்."

"ஜமாத்துல தடை போட்டிருக்காகளே மச்சான். ஊர்வலத்துக்கு ஒரு சொட்டுக் குடுக்கக் கூடாதுன்னு."

"ஊர்வலத்துக்கா கேட்டேன்? எம்மக கல்யாண ஓலைக்கு. ஆர்டர்."

நெய்னா பீடியைக் கீழே போட்டார். எழுந்தார். அண்டாவை நிமிர்த்தி, விரலால் ஒரு சுண்டு சுண்டினார். அது ணங்கென்று சொன்னது.

"எந்த எடத்துல குடுக்கணும்?"

"வழக்கமா நிப்பீகள்ல, அங்கனதான்."

அப்படியே பூமிநாதனுக்கும் வெற்றிலை பாக்கு வைத்தார் ராயப்பன். "வாசிக்கக்கூட வேணாம் மச்சான். வந்து குடிச்சாப் போதும்." குடிக்க மட்டும் கூப்பிடும் கச்சேரி எனக்கு இதுதான் முதல் என்று பூமிநாதன் சொன்னார், ஆனாலும் தவிலைத் தூக்காமல் வரமாட்டேன் என்றும் சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை பூசை ஓசையில்லாமல் நடந்து முடிந்தது. கோபுரத்தில் எப்போதும்போல் ராயப்பனின் குழாய் ஸ்பீக்கர், வெளி மண்டபத்தில் மேஜைமேல் ஆம்பிளிஃபயர், அவர் பக்கத்தில் அவருடைய சொந்த மைக். அங்கிருந்து பார்த்தால் தெரு நேராகப் பச்சை விளக்குக் கம்பம்வரை தெரிந்தது. ஓலை வாசிக்க முடியாமல் போவதை நேரில் பார்த்துச் சமநீதியை உறுதிசெய்ய இரு தலைவர்களும் இரண்டு ஜீப்பில் பள்ளிவாசல் பக்கம் வந்து நின்றிருந்தார்கள். சாமியார் காகிதத்தோடு பீடத்தில் நின்று ராயப்பனைப் பார்த்தார். ராயப்பன் கையைக் காட்டினார், பொறுங்கள்.

மேற்கே பூமிநாதன் கோஷ்டி வந்தது. பச்சை விளக்குக் கம்பம்வரை அடித்தார்கள், கம்பத்தில் நின்றார்கள், தவில் குச்சியை இடுப்பில் செருகினார்கள். நெய்னா முதல் கிளாஸை நீட்டினார். அதைப் பார்த்த வன்மீகநாதன் ஜீப்பிலிருந்து குதித்து ஓடிவந்து, நெய்னாவின் முகத்துக்கு நேரே கையை நீட்டி எதையோ கத்தினார். இன்னொரு பக்கமிருந்து சிக்கந்தர் கனி ஓடிவந்து கையை நீட்டி அவரும் எதையோ கத்தினார். வியர்த்து விறுவிறுத்து வாயைத் திறந்துகொண்டு கையை நீட்டுகிறவனுக்கு வேறென்ன வேண்டியிருக்கும்? நெய்னா ஆளுக்கொரு கிளாஸைக் கையில் வைத்தார். கிளாஸ் ஜில்லென்றிருந்தது. விளிம்புவரை நிறைந்திருந்தது, ஆட்டினால் வெள்ளைச் சட்டையில் சிந்தும். இருவரும் ஒரு நிமிஷம் அதைப் பார்த்தபடி நின்றார்கள். பிறகு, வெயில் யாரைத்தான் விட்டது, குடித்தார்கள். பின்னால் நின்ற பேரவையும் முன்னணியும் காளீஸ்வரியும் பரீட்சைக்காரர்களும் குழந்தையைத் தோளில் போட்டிருந்தவர்களும் அண்டாவைச் சுற்றி வந்தார்கள்.

முதலில் கேட்டது மடக் மடக் என்று ஒரு விழுங்கல். அது பூமிநாதனுடைய தொண்டை. அப்புறம், பல வாரங்களாகச் சத்தமே கேட்டிராத அந்தத் தெருவில், ஒரு நீளமான ஏப்பம்.

"யப்பாடி" என்றார் பூமிநாதன். அதுவும் கேட்டது.

தாகமாயிருந்தது மௌனம்தான் என்றும், வருஷா வருஷம் மேளக்காரர்களோடு நின்று அதுவும் ஒரு கிளாஸ் குடித்துப் பழகியிருந்தது என்றும், இந்த வருஷம் யாரும் கொடுக்காததால்தான் கிடைத்ததையெல்லாம் விழுங்கியது என்றும் பின்னாளில் ஊரில் பேசிக்கொண்டார்கள். அது எப்படியோ போகட்டும். கிளாஸ்கள் மோதின, குழந்தைகள் விழித்து அழுதன, மணி அடித்தது, பஸ் உறுமியது, மாதா கோயில் கோபுரத்துக் குழாயிலிருந்து சாமியாரின் குரல் தெரு முழுக்க எழுந்தது.

"முத்தூரணி ராயப்பன், செபஸ்தியம்மாள் இவர்களின் மகள் ரோஸ்லினுக்கும், இன்னாசி பிரபுவுக்கும் திருமண ஓலை வாசிப்பது இது மூன்றாம் முறை. தடை ஏதும் தெரிந்தவர்கள் சொல்லலாம்."

எல்லாவற்றுக்கும் தடை சொல்லிப் பழகிய ஊர் அது. மேளத்துக்குத் தடை, சர்பத்துக்குத் தடை, மணிக்குத் தடை. இப்போது எல்லோருக்கும் குரல் இருந்தது, இரண்டு ஜீப்பிலும் மைக் இருந்தது.  வன்மீகநாதன் காலி கிளாஸைப் பார்த்தார். சிக்கந்தர் கனி வாயைத் துடைத்தார். நெய்னா அகப்பையை அண்டாவுக்குள் ஓசைப்படாமல் இறக்கினார். காளீஸ்வரி அழுகிற ஒரு குழந்தையின் வாயில் சர்பத்தைத் தொட்டு வைத்தாள், அதுவும் நிறுத்தியது. பச்சை விளக்குக் கம்பத்திலிருந்து மாதா கோயில் பீடம்வரை ஒருவரும் பேசவில்லை.

ராயப்பனுக்குக் கண் நிறைந்து வழிந்தது. சத்தம் இல்லாமல் ஒரு நொடி நின்றாலும் மைக்கைப் பிடித்து, சோதனை, சோதனை என்று எதையாவது சொல்லி நிரப்பிவிடுவது அவர் தொழில், அவர் சுபாவம். கை தானாக மைக்கின் சுவிட்சுக்குப் போனது. அதைத் தொட்டது. பிறகு விலகிக்கொண்டது.